ஹாலிஹாக், மாலோ விதைகளை எந்த ஊரில் எப்போது விதைப்பது?

ஓசூர் மாடி | ஓசூர் | ஜூன் 2

எல்லோருக்கும் வணக்கம். இங்கிலாந்தில் லெஸ்டரில் இருக்கும் என் அக்கா பொங்கலுக்கு வந்தபோது இரண்டு விதைப் பொட்டலம் கொண்டு வந்தாள். ஒன்று ஹாலிஹாக், ஆளுயரத் தண்டில் கீழிருந்து மேலாகப் பூக்கும் செடி. இன்னொன்று ‘ஸீப்ரினா’ என்ற மாலோ. வெளிர் ஊதா இதழில் கரும் ஊதாக் கோடுகள் ஓடுமே, அந்தப் பூ. இரண்டு பொட்டலத்திலும் ஏப்ரல் முதல் விதைக்கலாம் என்று போட்டிருந்தது. நானும் ஏப்ரல் 20ஆம் தேதி குழித்தட்டில் தென்னைநார்க் கழிவும் மண்புழு உரமும் கலந்து விதைத்தேன். ஒவ்வொன்றிலும் 24 விதை.

ஹாலிஹாக்கில் ஐந்துதான் முளைத்தன. அந்த ஐந்தும் ஒரே வாரத்தில் தண்டின் அடி நூல் போலச் சுருங்கிச் சாய்ந்துவிட்டன. ஸீப்ரினா ஒன்றுகூட எழவில்லை. காலையும் மாலையும் தவறாமல் தண்ணீர் தெளித்தேன். விதை பழசா, என் கைப்பக்குவம் சரியில்லையா, அல்லது காலமே தப்பா? பொட்டலத்தில் பாதி விதை இன்னும் மிச்சம் இருக்கிறது. அதையும் வீணாக்க மனமில்லை.

நீலகிரி நாற்று | உதகமண்டலம் | ஜூன் 2

சகோதரி, விதையில் குறை இருக்காது. அந்த ‘ஏப்ரல்’ லெஸ்டரின் ஏப்ரல். அங்கே அப்போது பகலில் 12, 13 டிகிரி இருந்தால் பெரிது. ஓசூரில் அதே மாதம் 34, 35 டிகிரி. ஹாலிஹாக் விதைக்கு 18 முதல் 22 டிகிரி இருந்தால் பத்துப் பதினான்கு நாளில் முளைத்துவிடும். சூடான தட்டில், அதுவும் தினம் இரண்டு வேளை நனைத்த தென்னைநாரில், விதையை முந்திக்கொண்டு பூஞ்சைதான் வளரும். தண்டு நூலாகச் சுருங்கியது என்கிறீர்களே, அது நாற்றழுகல்.

மிச்ச விதையைக் காகித உறையில் போட்டு, ஒரு டப்பாவில் மூடி, குளிர்சாதனப் பெட்டியின் கீழ்த்தட்டில் வையுங்கள். அக்டோபர் வரை தொடாதீர்கள். மழை கொஞ்சம் ஓய்ந்து, காலையில் குழாய்த் தண்ணீர் கையில் பட்டதும் சில்லென்று இருக்கும் நாள் வரும் பாருங்கள், அன்றைக்கு எடுங்கள்.

எங்கள் மலையில் கணக்கு வேறு. மே மாத மலர்க் கண்காட்சி நேரத்தில் பூ வேண்டும் என்பதால் நான் நவம்பர் கடைசியில் நிழல்வலைக்குள் விதைக்கிறேன். டிசம்பர், ஜனவரி இரவுகளில் தாழ்வான இடங்களில் உறைபனி விழும். வளர்ந்த செடி தாங்கும், இளநாற்று தாங்காது. அதனால் நாற்று உள்ளே இருக்கும், பிப்ரவரியில்தான் வெளியே போகும்.

தில்லிக் குளிர் | புதுதில்லி | ஜூன் 3

நீலகிரி அண்ணன் சொன்னதை அப்படியே வழிமொழிகிறேன். இருபது வருடமாக இங்கே ராமகிருஷ்ணபுரத்தில் இருக்கிறேன். வட இந்தியச் சமவெளியில் ஹாலிஹாக்கைக் குளிர்காலப் பூவாகத்தான் வளர்ப்பார்கள். இந்தியில் குல்கைரா. செப்டம்பர் நடுவிலிருந்து அக்டோபர் முடிய விதைப்பு. குளிர் முழுக்கச் செடி தரையோடு தரையாக இலை பரப்பிக் கிடக்கும். ஜனவரியில் பார்த்தால் இது எங்கே பூக்கப்போகிறது என்று தோன்றும். பிப்ரவரி வெயில் முதுகில் பட்டதும் நடுவிலிருந்து தண்டு கிளம்பும். மார்ச்சில் நம்மைவிட உயரம். மே மாத அனல்காற்றில் எல்லாம் முடிந்துவிடும்.

ஒன்றைக் கவனியுங்கள். பழைய ரக ஹாலிஹாக் பலவும் இரண்டு வருடச் செடிகள். முதல் வருடம் இலை, நடுவில் ஒரு குளிர்காலம், இரண்டாம் வருடம் பூ. தில்லிக் குளிரே அதற்குச் சில சமயம் போதாது. சமவெளிக்காரர்கள் ‘ஒரே ஆண்டில் பூப்பது’ என்று எழுதிய ரகமாகப் பார்த்து வாங்க வேண்டும்.

ஓசூர் மாடி | ஓசூர் | ஜூன் 3

பொட்டலத்தை இப்போதுதான் மறுபடி பார்த்தேன். ஹாலிஹாக்கில் ‘விதைத்த ஆண்டிலேயே பூக்கும்’ என்று சின்ன எழுத்தில் இருக்கிறது. நிம்மதி. ஆனால் ஸீப்ரினா ஒன்றுகூட ஏன் முளைக்கவில்லை? ஹாலிஹாக்காவது ஐந்து எழுந்ததே. இரண்டும் ஒரே குடும்பம் என்றுதானே சொல்கிறார்கள்?

விதைப்பெட்டி | திருச்சி | ஜூன் 4

ஒரே குடும்பம்தான். வெண்டை, பருத்தி, செம்பருத்தி, பூவரசு, துத்தி, புளிச்சை எல்லாம் அந்த வீட்டுப் பிள்ளைகள்தான். ஐந்து இதழ், நடுவில் மகரந்தத் தாள்கள் ஒன்றாகச் சேர்ந்து குழலாக நிற்பது, இந்த இரண்டையும் பார்த்தால் போதும், கண்டுபிடித்துவிடலாம்.

ஆனால் விதைத்தோலில் ஆளுக்கு ஆள் வித்தியாசம். மாலோ இனங்கள் பலவற்றின் தோலில் தண்ணீர் புகாத நெருக்கமான செல் அடுக்கு ஒன்று உண்டு. நீங்கள் பத்து நாள் தண்ணீர் தெளித்தாலும் உள்ளே ஒரு சொட்டுப் போகாது. கருவுக்கு மழை வந்ததே தெரியாது. நிலத்தில் கிடக்கும்போது வெயிலும் குளிரும் மாறி மாறி அடித்து அந்தத் தோல் ஓரிடத்தில் திறக்கும். அதுவரை காத்திருக்கும். எல்லா விதையும் ஒரே நாளில் திறக்காது, அதுதான் அதன் பிழைப்பு.

எவ்வளவு காலம் காத்திருக்கும் தெரியுமா? அமெரிக்காவின் மிச்சிகனில் வில்லியம் பீல் என்ற தாவரவியல் பேராசிரியர் 1879இல் இருபது புட்டிகளில் பலவகைக் களை விதைகளை மணலோடு கலந்து மண்ணுக்குள் புதைத்தார். ஒவ்வொரு வகையிலும் 50 விதை. குறிப்பிட்ட ஆண்டு இடைவெளியில் ஒவ்வொரு புட்டியாக எடுத்து விதைத்துப் பார்ப்பது ஏற்பாடு. அவர் போன பிறகும் அடுத்தடுத்து வந்தவர்கள் அதைத் தொடர்கிறார்கள். 2000இல், 120 ஆண்டு கழித்து எடுத்த புட்டியில் முளைத்தவை இரண்டே இனம். அதில் ஒன்று மாலோ, ‘மால்வா ரொட்டுண்டிஃபோலியா’. ஒரே ஒரு விதை, அதுவும் குளிரில் வைத்து எடுத்த பிறகு. நான் முதன்முதலில் இதைப் படித்த அன்று என் விதை டப்பாவைத் திறந்து வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

உங்களுக்கு 120 வருடம் தேவையில்லை, உப்புத்தாள் போதும். 120 நம்பர் உப்புத்தாளை இரண்டு துண்டாக வெட்டுங்கள். ஒன்றின் மேல் பத்துப் பன்னிரண்டு விதையைப் போட்டு, இன்னொன்றைக் கவிழ்த்து, உள்ளங்கையால் லேசாக அழுத்தி ஏழெட்டுச் சுற்று. ஸீப்ரினா விதை சிறுநீரக வடிவில் பழுப்பாக இருக்கும். உரசிய இடத்தில் பளபளப்பு போய் மங்கலாகத் தெரியும். அந்த அளவோடு நிறுத்த வேண்டும். உள்ளே வெள்ளைப் பருப்பு தெரிந்தால் அதிகம் உரசிவிட்டீர்கள், கருவுக்கு அடிபட்டிருக்கலாம். பிறகு ஓர் இரவு தண்ணீரில் போடுங்கள். காலையில் உப்பிய விதைகளை எடுத்து விதையுங்கள். உப்பாதவை மறுபடி உப்புத்தாளுக்குப் போகட்டும்.

மண்வாசம் | ஈரோடு | ஜூன் 4

உப்புத்தாள் எல்லாம் எதற்கு? கொதிக்கும் தண்ணீரில் போட்டு எடுத்தால் ஒரே நிமிடத்தில் வேலை முடிந்தது. சுபாபுல் மர விதைக்கு அப்படித்தான் செய்கிறோம்.

விதைப்பெட்டி | திருச்சி | ஜூன் 4

சுபாபுல் விதையின் கனம் வேறு, இதன் கனம் வேறு. துத்தியில் நானே செய்து பார்த்தேன். அடுப்பில் கொதித்துக்கொண்டிருக்கும் தண்ணீரில் போட்டது வெந்துவிட்டது. அடுப்பை அணைத்து, இறக்கிவைத்து, விரல் நுனியை ஒரு நொடி வைக்கலாம் என்ற சூட்டுக்கு வந்த பிறகு போட்டு அப்படியே ஆறவிட்டது நன்றாக முளைத்தது. நூறு விதை இருப்பவர்கள் வெந்நீர் முறையைச் சோதித்துப் பார்க்கலாம். பன்னிரண்டு விதை மட்டும் இருப்பவர் உப்புத்தாளை நம்பட்டும்.

நீலகிரி நாற்று | உதகமண்டலம் | ஜூன் 4

ஒன்று சேர்த்துக்கொள்கிறேன், குழப்பம் வரக் கூடாது. ஹாலிஹாக்குக்கு இந்த உரசல் வேண்டியதில்லை. புதிய விதை என்றால் நேரடியாகப் போட்டாலே வரும். ஓர் இரவு ஊறவைத்தால் தாராளம். உரசல் ஸீப்ரினாவுக்கும் மற்ற மாலோக்களுக்கும்.

வளவு | ரொறன்ரோ | ஜூன் 5

வணக்கம். நாங்கள் யாழ்ப்பாணத்தில் இருந்து வந்து இங்கே முப்பது வருடம். எங்கட வீட்டு முன் வளவில் ஹாலிஹாக் வேலியை விட உயரமாக நிற்கும், தெருவால் போகிற ஆட்கள் நின்று பார்த்துவிட்டுத்தான் போவினம்.

இங்கே நான் உரசுவதும் இல்லை, ஊறவைப்பதும் இல்லை. குளிரே எல்லாத்தையும் செய்துவிடும். நவம்பரில், நிலம் இறுகும் முன், பால் வாங்குகிற பெரிய பிளாஸ்டிக் கானைப் பாதியாக வெட்டி, அடியில் ஓட்டை போட்டு, மண் நிரப்பி விதையைத் தூவி, மேல்பாதியைத் திரும்ப மூடி ஒட்டி, மூடியை மட்டும் கழற்றிவிட்டு வெளியில் வைத்துவிடுவேன். பனி அதன்மேல் கொட்டும், உருகும், திரும்ப உறையும். மார்ச் கடைசி, ஏப்ரலில் ஒரு நாள் எட்டிப் பார்த்தால் உள்ளே இதய வடிவில் சின்னச் சின்ன வித்திலைகள். அந்தக் காட்சிக்காகவே குளிர்காலத்தைக் கழிக்கலாம்.

மஸ்க் மாலோவும் அப்படித்தான், குளிர் அதற்கு ஒன்றும் செய்யாது. ஆனால் வெண்டியை மட்டும் இந்தக் கணக்கில் சேர்க்காதீர்கள். அது வெக்கைப் பிள்ளை. மே மாதம் விக்டோரியா நாள் விடுமுறை கழிந்து, இரவிலும் குளிர் விட்ட பிறகுதான் வெண்டிக்கன்றை வெளியில் நடுவேன். ஒரு வருடம் அவசரப்பட்டு மே முதல் வாரமே நட்டு, முழுக்கன்றும் மஞ்சளாகி நின்றுவிட்டது.

ஒரு கேள்வி எனக்கும் இருக்கு. புளிச்சங்கீரை ஆளுயரம் வளருது, பூக்குதே இல்லை. ஏன்?

விதைப்பெட்டி | திருச்சி | ஜூன் 5

அக்கா, புளிச்சை பகல் குறைந்தால்தான் பூக்கும் செடி. நம் ஊரில் ஆடியில் விதைத்தால் பகல் சுருங்கும் ஐப்பசி, கார்த்திகையில் பூ வரும். ரொறன்ரோவில் கோடைப் பகல் 15 மணி நேரம் இருக்கும். பகல் சுருங்கி அது பூக்க நினைக்கும்போது உங்களுக்கு உறைபனி வந்துவிடும். கீரைக்காக மட்டும் வளருங்கள். பூ வேண்டுமென்றால் தொட்டியில் வைத்து, ஆகஸ்டிலிருந்து மாலை ஐந்து மணிக்கு இருட்டான அறைக்குள் கொண்டுபோய்க் காலை ஏழு மணிக்கு வெளியே எடுக்க வேண்டும். குளிர் வந்ததும் வீட்டுக்குள்ளேயே நல்ல வெளிச்சத்தில் வைக்க வேண்டும்.

வளவு | ரொறன்ரோ | ஜூன் 5

விளங்கிவிட்டது தம்பி. இத்தனை வருடமும் உரம் காணாது என்று நினைத்து உரமாகப் போட்டனான்.

ஈஸ்ட்ஹாம் | லண்டன் | ஜூன் 7

லெஸ்டர் பொட்டலம் பற்றி இங்கிருந்து ஒரு வார்த்தை. இங்கே ஹாலிஹாக்கை ஜூன், ஜூலையில் விதைத்து, செப்டம்பரில் இடம் மாற்றி நட்டு, அடுத்த ஆண்டு ஜூன் கடைசியிலிருந்து பூ பார்ப்பதுதான் பழைய வழக்கம். ஸீப்ரினாவை மார்ச்சில் ஜன்னல் ஓரம் விதைத்தால் அதே ஆண்டு பூக்கும். லவட்டேரா என்ற இன்னொரு மாலோ உண்டு, அதை நேரடியாக நிலத்தில்தான் தூவ வேண்டும். ஆணிவேர், பிடுங்கி நட்டால் முகம் சுளிக்கும்.

எங்களுக்கு இங்கே விதைப்பதைவிடப் பெரிய பாடு துரு நோய். இலைக்கு அடியில் ஆரஞ்சும் பழுப்புமாகக் கொப்புளம் கிளம்பும். தென் அமெரிக்காவிலிருந்து வந்த பூஞ்சை இது. 1873இல் இங்கிலாந்துக்கு வந்து சேர்ந்து, அன்றைக்கு மிகப் பிரபலமாக இருந்த ஹாலிஹாக் வளர்ப்பையே குலைத்துப் போட்டது. வேறு குடும்பத்துச் செடி எதுவும் அதற்குத் தேவையில்லை, மாலோவிலிருந்து மாலோவுக்கே தொற்றிக்கொள்ளும். அதனால் கீழ் இலைகளைக் கிள்ளிப் போட்டுவிடுவேன், தண்ணீரை வேரில் மட்டும் ஊற்றுவேன், பக்கத்தில் தானாக முளைத்த காட்டு மாலோ இருந்தால் பிடுங்கிவிடுவேன். செடிக்குச் செடி இரண்டடி இடைவெளி விட்டால் காற்று போய்வரும்.

அம்மான் பாலைவெயில் | ஜோர்டான் | ஜூன் 9

இந்த இழையைப் படிக்கப் படிக்க எனக்கு இந்த ஊர் மாலோக் கீரையான ‘குப்பேஸா’ ஞாபகம். இங்கே மாலோவை யாரும் விதைப்பதே இல்லை. நவம்பர் வாக்கில் முதல் மழை பெய்து பத்துப் பதினைந்து நாளில் காலி மனை, சாலையோரம், ஒலிவத் தோப்பு எங்கு பார்த்தாலும் அதுவே எழுந்து நிற்கும். ஜனவரி, பிப்ரவரியில் பெண்கள் பை பையாகப் பறிப்பார்கள். எங்கள் வீட்டுக்காரம்மா எனக்குக் கற்றுக்கொடுத்தது இது: வெங்காயத்தை ஒலிவ எண்ணெயில் பொன்னிறமாக வதக்கி, நறுக்கிய இலையைப் போட்டு, அதன் ஈரத்திலேயே வேகவிட்டு, இறக்கும்போது எலுமிச்சை. வெண்டைக்காயின் அதே கொழகொழப்பு. ரொட்டியில் அள்ளிச் சாப்பிட வேண்டும்.

அரபியில் ‘குப்ஸ்’ என்றால் ரொட்டி. காய் தட்டையாக வட்டமாகக் குட்டி ரொட்டி போல இருப்பதால் இந்தப் பெயர். பிள்ளைகள் பச்சைக் காயைப் பறித்து வாயில் போட்டுக்கொள்வார்கள். 1948இல் ஜெருசலேம் முற்றுகையில் கடைகளில் ஒன்றும் கிடைக்காமல் போனபோது மக்கள் வயலில் இந்தக் கீரையைப் பறித்துத் தின்று சமாளித்திருக்கிறார்கள்.

இங்கே தோட்டத்தில் போடுவதாக இருந்தாலும் கணக்கு ஒன்றுதான்: முதல் மழைக்கு முன்னால் தூவு. கோடை முழுக்க வெந்த மண்ணில் கிடந்ததிலேயே பாதித் தோல் திறந்திருக்கும். ஏப்ரலில் போட்டால் இங்கேயும் ஒன்றும் தேறாது.

யாரா நதி | மெல்போர்ன் | ஜூன் 10

எங்கள் பக்கம் எல்லாம் தலைகீழ். இங்கே இப்போது குளிர்காலம் தொடங்குகிறது. ஹாலிஹாக்கை மார்ச், ஏப்ரலில் விதைத்துவிட்டேன். நாற்று நான்கு இலையோடு நிற்கிறது, நவம்பர், டிசம்பரில் பூக்கும். தவறவிட்டவர்கள் செப்டம்பரில் விதைக்கலாம்.

ஒரு வேண்டுகோள். குப்பேஸா பற்றிப் படிக்க ஆசையாகத்தான் இருக்கிறது. ஆனால் அந்த வகையில் ஒன்றான சிறுபூ மாலோ இங்கே பண்ணைகளில் பெரிய களை. ஆணிவேர் ஆழப் போய்விட்டால் கையால் பிடுங்க முடியாது, விதை வருடக்கணக்கில் மண்ணில் கிடக்கும். ஆகவே நண்பர்களே, தபாலில் ஒருவருக்கொருவர் விதை அனுப்பிக்கொள்ளாதீர்கள். ஆஸ்திரேலியாவில் விமான நிலையத்தில் கட்டாயம் அறிவிக்க வேண்டும். இந்தியாவிலும் 2003ஆம் ஆண்டின் தாவரத் தொற்றுத்தடுப்பு ஆணை இருக்கிறது. துரு நோய் கடல் தாண்டிய கதையை லண்டன் நண்பர் இப்போதுதானே சொன்னார்.

ஓசூர் மாடி | ஓசூர் | ஜூன் 10

உண்மையாகவே இது எனக்குத் தெரியாது. அக்காவுக்கும் தெரியாது, ஆசையாகக் கொண்டுவந்தாள். அடுத்த முறை கொண்டுவர வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். இனிமேல் பெங்களூருவில் வாங்கிக்கொள்கிறேன்.

அடையாறு | சென்னை | ஜூன் 12

இவ்வளவு பேசுகிறோம், நம் துத்தியை யாராவது விதைக்கக் கூடாதா? மூல வியாதிக்கு என் பாட்டி துத்தி இலையை விளக்கெண்ணெயில் வதக்கிக் கட்டுவார். இப்போது எங்கள் தெருவில் காலி மனையே இல்லை, துத்தியும் இல்லை. போன வருடம் கடற்கரைச் சாலைப் பக்கம் காய்ந்த காய் பறித்து வந்தேன். சக்கரம் போல இருக்கும், ஒவ்வோர் ஆரத்திலும் இரண்டு மூன்று விதை. உப்புத்தாளில் உரசி ஆவணியில் போட்டேன். மார்கழிக்குள் பூ வந்துவிட்டது. காலையில் தேடினால் பூ இருக்காது, மொட்டாகத்தான் நிற்கும். மாலையில் வேலை முடிந்து வரும்போது மஞ்சள் மஞ்சளாக விரிந்திருக்கும். எனக்கு அதுவே போதும்.

சென்னையில் ஹாலிஹாக் போடுகிறவர்களுக்கு: அக்டோபர், நவம்பர் அடைமழையில் திறந்த மாடியில் வைத்தால் வேர் அழுகிவிடும். நாற்றைக் கூரைக்கு அடியில் வைத்திருந்து டிசம்பர் நடுவில் வெளியே எடுங்கள். துத்தியையோ செம்பருத்தியையோ வெண்டைக்குப் பக்கத்தில் வைக்காதீர்கள், மாவுப்பூச்சி ஒன்றிலிருந்து ஒன்றுக்குத் தாவும்.

ஓசூர் மாடி | ஓசூர் | அக்டோபர் 24

நீலகிரி அண்ணா சொன்ன அந்தச் சில்லென்ற காலை நேற்றுத்தான் வந்தது. விதைத்துவிட்டேன். காகிதக் குவளை, ஆறு அங்குல உயரம், ஆணிவேருக்கு இடம் வேண்டும் என்பதால். தென்னைநாரோடு மூன்றில் ஒரு பங்கு மணல் சேர்த்தேன். கலவையில் நாற்றழுகலைத் தடுக்கும் நல்ல பூஞ்சையான டிரைக்கோடெர்மா விரிடி கொஞ்சம். அரை சென்டிமீட்டர் ஆழம். தண்ணீர் மேலிருந்து தெளிக்காமல், தட்டில் ஊற்றிக் கீழிருந்து உறிஞ்சவிட்டேன்.

ஸீப்ரினாவை இரண்டாகப் பிரித்தேன். பத்து உரசியது, பத்து உரசாதது. உரசியதில் ஏழு, ஓர் இரவில் பருத்துவிட்டன. உரசாதவை போட்டபடியே கிடந்தன, அவற்றையும் அப்படியே விதைத்தேன்.

ஓசூர் மாடி | ஓசூர் | நவம்பர் 9

ஹாலிஹாக் 20இல் 16. ஸீப்ரினா உரசியது எட்டு, உரசாதது ஒன்றே ஒன்று. ஒரு நாற்றுகூடச் சாயவில்லை. வித்திலை இரண்டும் நீண்ட காம்போடு இதயம் போல இருக்கின்றன, வளவு அக்கா எழுதியது போலவே. நடுவில் முதல் இலை மடிப்பு மடிப்பாக விசிறி மாதிரி விரிகிறது.

நீலகிரி நாற்று | உதகமண்டலம் | நவம்பர் 9

மிக்க மகிழ்ச்சி. மூன்று நிஜ இலை வந்ததும் குவளையோடு எடுத்து, வேர்க்கட்டி உடையாமல் பெரிய தொட்டிக்கு மாற்றுங்கள். அதற்கு மேல் தாமதிக்க வேண்டாம், வேர் சுருண்டுவிடும். தொட்டி ஓரடிக்குக் குறையாத ஆழம். தண்டு கிளம்பும் முன்பே கம்பு ஊன்றிவிடுங்கள், மாடிக் காற்று சும்மா விடாது.

ஓசூர் மாடி | ஓசூர் | மார்ச் 11

ஸீப்ரினா பிப்ரவரி முதல் வாரமே தொடங்கிவிட்டது, ஹாலிஹாக் போன வெள்ளிக்கிழமை. அடிமொட்டு முதலில் விரிந்து மேலே மேலே ஏறிக்கொண்டு போகிறது. இளஞ்சிவப்பு, நடுவில் மஞ்சள். அக்காவுக்கு வீடியோவில் காட்டினேன். லெஸ்டரில் அவள் தோட்டத்தில் இன்னும் ஒரு துளிர்கூட வரவில்லையாம்.

உரசாத ஸீப்ரினாவின் குவளைகளை நான் கொட்டவில்லை, மாடி மூலையில் அப்படியே வெயிலிலும் பனியிலும் கிடந்தன. இன்று காலையில் தண்ணீர் விடப் போனபோது அதில் ஒன்றில் புதிதாக இரண்டு வித்திலை.

விதைப்பெட்டி | திருச்சி | மார்ச் 11

மிச்சம் எட்டு இருக்கிறது. கொட்டாதீர்கள்.